குப்புசாமி: குப்பையில் போட்டு எடுத்த பேரு

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் பாரீசுக்கு வடக்கே இருக்கிற சார்செல் என்ற ஊரிலிருந்து எனக்கு ஒரு குரல் செய்தி வந்தது. பேசியது பங்காளி முறையில் எனக்குத் தம்பியாக வேண்டியவனின் மகன். பன்னிரண்டு வயது. நன்றாகவே தமிழ் பேசுவான், 'ர' மட்டும் தொண்டையிலிருந்து வரும்.

"பெரியப்பா, நம்ம குடும்பப் பேருக்கு என்ன அர்த்தம்? கிளாஸ்ல ஒருத்தன் போன்ல தேடிப் பாத்துட்டு குப்பைன்னு சொல்றான். நெஜமாவா?"

அவனுடைய குடும்பப் பெயர் குப்புசாமி. பிரெஞ்சு பாஸ்போர்ட்டில் இருக்கிறபடி எழுத்துக்கூட்டி வாசித்தால் 'கூப்பூசாமி' என்று வரும். எனக்கு உடனே பதில் சொல்ல முடியவில்லை. 'ஆமாண்டா, ஆனா...' என்று பேச ஆரம்பித்து, பாதியில் நிறுத்தி, அழித்துவிட்டேன். ஆமாம் என்று மட்டும் சொன்னால் பையன் மனசு கஷ்டப்படும். இல்லை என்று சொன்னால் அது பொய். அந்த 'ஆனா'வுக்குப் பின்னால் சொல்ல என்ன இருக்கிறது என்று தேடிப் போனேன். அப்போது சேர்ந்த குறிப்புகள்தான் இந்தக் கட்டுரை.

எங்கள் வீட்டுக் குப்புசாமி

எங்களுக்குச் சொந்த ஊர் புதுச்சேரி பாகூர் கொம்யூனில் இருக்கிற செலியமேடு. சொர்ணாவூர் அணைக்கட்டில் தென்பெண்ணையிலிருந்து பிரிகிற பங்காரு வாய்க்கால் வந்து நிரப்பும் பாகூர் ஏரிதான் இந்தப் பக்கத்து விவசாயத்துக்கு உயிர். நெல், கரும்பு, மாடு, வைக்கோல் போர், வீட்டுக்குப் பின்னால் கொல்லை, கொல்லையின் மூலையில் குப்பைமேடு. இந்தக் குப்பைமேட்டை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், கதை அங்கேதான் தொடங்குகிறது.

எங்க ஊர்ப் பேரை வெளியூர்க்காரர்கள் கேள்விப்பட்டிருந்தால் அது பெரும்பாலும் கவிஞர் வாணிதாசனால் (1915–1974) இருக்கும். 'தமிழச்சி', 'கொடிமுல்லை' எழுதியவர், பாரதிதாசனின் மாணவர். வில்லியனூரில் பிறந்தாலும் செலியமேட்டுக்காரர் என்றுதான் அறியப்பட்டார். அவருடைய இயற்பெயர் அரங்கசாமி, இன்னொரு பெயர் எத்திராசலு. வாணிதாசன் என்பது அவராக வைத்துக்கொண்டது. ஒரு மனிதன் தனக்கு வேண்டிய பேரைத் தானே தேர்ந்தெடுப்பதற்கு எங்க ஊரிலேயே உதாரணம் இருக்கிறது. என் கொள்ளுத்தாத்தா குப்புசாமியின் பேரு அதற்கு நேர் எதிர். அதை அவர் தேர்ந்தெடுக்கவில்லை. சொல்லப்போனால் யாருக்கும் பிடிக்கக் கூடாது என்பதற்காகவே வைத்த பேரு அது.

குப்புசாமியின் பிள்ளைகளில் இன்று இருப்பது ஒருவர்தான், என் அத்தைப்பாட்டி. தொண்ணூறு வயசு ஆகிறது. காது மந்தம், ஞாபகம் கூர்மை. குரல் செய்தி வந்த மறுநாள் அவரிடம் போய் உட்கார்ந்தேன். அவர் சொன்னதை அப்படியே தருகிறேன்:

"எங்கப்பாரு பொறக்கறதுக்கு முன்ன ரெண்டு போயிருச்சு. மூணாவதா இவரு. பொறந்த ஒடனே எங்க ஆயா தொடவே இல்ல. மருத்துவச்சி முறத்துல போட்டு எடுத்தாந்து கொல்லையில குப்பைமேட்டு மேல வெச்சுட்டு, 'எங்களுக்கு வேணாம், வேணுங்கறவங்க எடுத்துக்கோங்க'ன்னு சத்தமா சொல்லிச்சாம். பக்கத்து ஊட்டம்மா ஏற்கெனவே தயாரா நிக்குது. புள்ளைய எடுத்தாந்து, 'குப்பையில கெடந்துச்சு, ஒரு படி தவிடு குடுங்க, குடுத்துடறேன்'னு சொல்லிச்சாம். தவிடு குடுத்து வாங்குனாங்க. அதுக்கப்பறந்தான் எங்க ஆயா பால் குடுத்துச்சு. குப்புசாமின்னு பேரு வெச்சு மூக்கையும் குத்திட்டாங்க. சாவற வரைக்கும் அவரு மூக்குல அந்த ஓட்ட இருந்துச்சு. சின்னப் புள்ளைல நான் வெரல வெச்சுப் பாப்பேன்."

பாகூரின் பெருமையைச் சொல்ல ஒன்பதாம் நூற்றாண்டுச் செப்பேடு இருக்கிறது. நிருபதுங்கவர்மன் காலத்தில் பாகூரில் இருந்த கல்விச்சாலைக்கு மூன்று ஊர்களைக் கொடுத்த செய்தி அதில் உண்டு. எங்கள் வீட்டு வரலாற்றுக்கு ஆதாரம் என்று பார்த்தால், ஒரு கிழவரின் மூக்கில் இருந்த துளையும் அதைத் தொட்டுப் பார்த்த ஒரு மகளும்தான்.

'உன்னைத் தவிட்டுக்கு வாங்கினோம்'

இதைப் படிக்கிறவர்களில் பாதிப் பேரையாவது சின்ன வயதில் வீட்டில் இப்படிக் கிண்டல் செய்திருப்பார்கள். அண்ணனும் அக்காவும் சொல்லச் சொல்ல அழுதிருப்போம். ஒரு காலத்தில் அது கிண்டலாக இருக்கவில்லை, சடங்காக நடந்தது. தவிட்டுப்பிள்ளை என்றே ஒரு சொல் தமிழில் இருக்கிறது. பிறந்த குழந்தைகள் தொடர்ந்து இறந்துபோன வீட்டில், அடுத்த குழந்தையை இன்னொருத்திக்குக் கொடுப்பதுபோலக் கொடுத்துவிட்டு, கொஞ்சம் தவிட்டை விலையாகக் கொடுத்துத் திரும்ப வாங்குவார்கள். தவிடு மாட்டுக்கு வைப்பது. அதற்குத்தான் இந்தக் குழந்தை சமம் என்று கேட்கிறவர் காதில் விழவேண்டும்.

கேட்கிறவர் யார்? எமன், பேய், காட்டேரி, கண்ணேறு என்று ஊருக்கு ஊர் வேறுவேறு பதில் சொல்வார்கள். எல்லாவற்றுக்கும் அடியில் இருக்கிற நம்பிக்கை ஒன்றுதான். சாவுக்குக் கண்ணும் காதும் உண்டு, அது நல்லதாகப் பார்த்துத்தான் எடுக்கும். அப்படியென்றால் அதை ஏமாற்றவும் முடியும்.

ஏமாற்றிய விதங்கள் பேர்களிலேயே பதிந்திருக்கின்றன. 'இது மதிப்பில்லாதது' என்று காட்டினால் குப்பன், குப்புசாமி, குப்பம்மாள், குப்பாயி, குப்பு. 'இது எங்களுடையதே இல்லை, பிச்சையாக வந்தது' என்றால் பிச்சை, பிச்சைமுத்து, பிச்சையம்மாள். 'இது ஆண்பிள்ளை இல்லை' என்று நம்பவைக்க மூக்குக் குத்தினால் மூக்கன், மூக்கையன், மூக்கையா. என் கொள்ளுத்தாத்தாவுக்கு ஒரே சமயத்தில் குப்பைமேடு, தவிடு, மூக்குத்துளை மூன்றும் நடந்திருக்கின்றன. இரண்டு பிள்ளைகளைப் பறிகொடுத்த வீட்டில் எவ்வளவு பயம் இருந்திருக்கும் என்பது அதிலேயே தெரிகிறது.

சென்னை அருங்காட்சியகத்தின் கண்காணிப்பாளராக இருந்த எட்கர் தர்ஸ்டன், நூறு வருடங்களுக்கு முன் தென்னிந்திய வழக்கங்களைத் தொகுத்தபோது இந்தக் குப்பைமேட்டுச் சடங்கையும் பேர்களையும் குறித்துவைத்தார். அவருக்கு அது ஒரு விநோதம். எங்க ஆயாமார்களுக்கு அதுதான் வைத்தியம்.

இங்கே ஓர் எச்சரிக்கை. கேட்க விநோதமாக இருக்கிற எல்லாப் பேரையும் இந்தக் கணக்கில் சேர்த்துவிடக் கூடாது. எங்கள் பக்கத்தில் பாவாடை, பாவாடைசாமி என்று ஆண்களுக்குப் பேர் உண்டு. பட்டணத்துப் பிள்ளைகள் சிரிப்பார்கள். அது அங்காளம்மனுக்குக் காவலாக நிற்கிற பாவாடைராயன் சாமியின் பேரு, உடுத்துகிற பாவாடையோடு சேர்த்துக் குழப்பிக்கொள்ள வேண்டாம். அதேபோல குப்புசாமி என்ற பேர் உள்ள எல்லாரும் குப்பைமேட்டில் கிடந்தவர்கள் என்றும் சொல்ல முடியாது. தமிழில் மகன் வயிற்றுப் பிள்ளையைப் பேரன் என்கிறோம். பெயரன், அதாவது தாத்தாவின் பெயரைத் தாங்குகிறவன். ஒரு குடும்பத்தில் முதல் குப்புசாமிதான் குப்பையில் கிடந்தவர். அடுத்து வந்தவர்கள் தாத்தாவின் பேரைத் தாங்கியவர்கள்.

குப்பை என்றால் என்ன?

இப்போது சொல்லுக்கு வருவோம். குப்பை என்றதும் நமக்கு நினைவுக்கு வருவது பிளாஸ்டிக் பையும் நகராட்சி வண்டியும். பழைய தமிழில் அந்தச் சொல்லுக்கு முதல் பொருள் குவியல். நெல் குவிந்திருந்தால் அதுவும் குப்பை, உப்பு குவிந்திருந்தால் அதுவும் குப்பை. கூட்டிப் பெருக்கியது ஓர் இடத்தில் குவிவதால் கழிவு என்ற பொருளும் சேர்ந்துகொண்டது. பிறகு அந்தப் பொருளே நிலைத்துவிட்டது.

சங்கப் புலவர்களில் ஒருவர் பேரே குப்பைக்கோழியார். குறுந்தொகையில் அவருடைய ஒரே ஒரு பாடல் இருக்கிறது. குப்பைமேட்டில் மூட்டிவிடவும் விலக்கிவிடவும் ஆளில்லாமல் தாமாகச் சண்டை போடுகிற கோழிகளை அதில் உவமையாகச் சொன்னார். அந்த உவமையே அவருக்குப் பெயராகிவிட்டது. அப்பா அம்மா வைத்த பேரு மறைந்துபோய், குப்பையால் வந்த பேரு இத்தனை நூற்றாண்டுகள் நின்றிருக்கிறது.

எங்க ஊரில் இன்றும் வயசானவர்கள் 'குப்பை' என்று சொன்னால் அது எரு. சாணம், சாம்பல், வைக்கோல் கூளம் எல்லாம் மக்கிக் கிடப்பது. "கழனிக்குக் குப்பை அடிச்சாச்சா?" என்று கேட்பார்கள். வண்டி வண்டியாக அடித்தால்தான் விளைச்சல். யூரியா வருவதற்கு முன்னால் ஒரு வீட்டின் வசதியைக் கொல்லையில் இருக்கிற குப்பைமேட்டின் உயரத்தை வைத்தே சொல்லிவிடலாம். ஆக, குழந்தையை வைத்த இடம் சாவின் கண்ணுக்குக் கழிவு, குடியானவன் கண்ணுக்கு அடுத்த போக விளைச்சல். சடங்கு செய்தவர்கள் இதையும் நினைத்துத்தான் செய்தார்கள் என்று நான் சொல்ல வரவில்லை. ஆனால் எங்கள் மண்ணில் அந்தச் சொல்லுக்கு இந்த இரண்டு அர்த்தமும் எப்போதும் இருந்தது.

எங்கும் இதே பயம்

நம்ம ஊர் மூடநம்பிக்கை என்று மட்டும் இதை ஒதுக்கிவிட முடியாது. கன்னடத்தில் குப்பைமேட்டுக்குத் திப்பே என்று பேர். திப்பண்ணா, திப்பேசாமி எல்லாம் அதிலிருந்து வந்தவை. தெலுங்கில் பெண்ட்ட என்றால் குப்பை. தெலங்கானாவில் பெண்ட்டய்யாக்கள் உண்டு.

வங்காளத்துக்குப் போனால் குதிராம் போஸ். 1889இல் பிறந்தவர். அவருக்கு முன்னால் பிறந்த ஆண் குழந்தைகள் இறந்துவிட்டதால், அம்மா இவரைத் தன் மூத்த மகளுக்கு மூன்று பிடி நொய்யரிசிக்கு விற்றார். வங்காளியில் நொய்க்கு 'குத்' என்று பேர். அதனால்தான் குதிராம். நம்ம தவிடு அங்கே நொய். பேரு வைத்ததன் பலனாக எமன் அவரை விட்டுவிட்டான், ஆனால் பிரிட்டிஷ் அரசு விடவில்லை. முசாபர்பூர் குண்டுவெடிப்பு வழக்கில் 1908 ஆகஸ்ட் 11 அன்று தூக்கிலிட்டபோது அவருக்குப் பதினெட்டு வயது. பாரதி சென்னையை விட்டுப் புதுச்சேரிக்குத் தப்பி வந்ததும் அதே 1908இல்தான்.

மூக்குக் குத்துவதற்கும் வடக்கே ஜோடி உண்டு. காந்தியைக் கொன்ற கோட்சேவுக்கு முதலில் வைத்த பேரு ராமச்சந்திரா. முன்னால் பிறந்த ஆண் குழந்தைகள் இறந்ததால் மூக்குத்தி போட்டுப் பெண்போல வளர்த்தார்கள். நத்து போட்ட ராம், அதனால் நாதுராம். குழந்தை பிழைக்க வேண்டும் என்று வைத்த பேரு அந்தக் குழந்தை யாராக வளரும் என்பதைச் சொல்லாது. குதிராமும் அப்படித்தான், நாதுராமும் அப்படித்தான்.

கடல் தாண்டினால் இன்னும் ஆச்சரியம். செர்பியர்களும் குரோயேசியர்களும் ஆண்பிள்ளைக்கு வூக் என்று பேர் வைப்பார்கள். வூக் என்றால் ஓநாய். செர்பிய மொழிக்கு அகராதி தந்த வூக் கராஜிச் 1787இல் பிறந்தவர். அவருக்கு முன் பிறந்த குழந்தைகள் தங்காததால் இவருக்கு அந்தப் பேரை வைத்தார்கள். குழந்தைகளைத் தின்கிற சூனியக்காரி ஓநாயை நெருங்க மாட்டாள் என்பது நம்பிக்கை. 1818இல் வந்த தன் அகராதியில் இந்த வழக்கத்தை அவரே விளக்கியிருக்கிறார். அங்கே பயமுறுத்தி விரட்டுகிறார்கள், இங்கே அருவருப்பாக்கி விரட்டுகிறோம். மேற்கு ஆப்பிரிக்காவில் யொரூபா மக்களிடம் கொசொகொ என்று ஒரு பேர் உண்டு. 'மண்வெட்டி இல்லை' என்று அர்த்தம். குழி தோண்ட மண்வெட்டி இல்லை, அதனால் நீ சாகாதே என்று குழந்தையிடம் கெஞ்சுவது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் லாகோசை ஆண்ட ஒரு ராஜாவின் பேரே கொசொகொதான்.

இத்தனை நாட்டிலும் ஏன் ஒரே மாதிரி? காரணம் எண்ணிக்கையில் இருக்கிறது. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இந்தியாவில் பிறந்த 1000 குழந்தைகளில் 200க்கும் மேல் முதல் பிறந்தநாளைப் பார்க்கவில்லை. ஐந்தில் ஒன்று. இது சராசரிதான். சில வீடுகளில் எல்லாம் தங்கும், சில வீடுகளில் வரிசையாகப் போகும். ஏன் போகிறது என்று அந்த வீட்டுக்காரர்களுக்குத் தெரியாது. தொப்புள்கொடியை வெட்டிய கத்தியில் ஒட்டியிருந்த கிருமியால் வந்த ஜன்னி என்று அவர்களுக்குச் சொல்ல ஆளில்லை. கையில் இருந்தது முறமும் தவிடும் ஒரு பேரும்.

முன்பாதி சாவுக்கு, பின்பாதி சாதிக்கு

குப்பு என்ற பேர் எந்தச் சாதியில் இருந்தது என்று பார்த்தால் எல்லாவற்றிலும் இருந்தது. தியாகராஜரின் சீடர்களில் முக்கியமானவர் வீணை குப்பையர். மாநிலக் கல்லூரியில் சமஸ்கிருதப் பேராசிரியராக இருந்து பேர் வாங்கியவர் குப்புசாமி சாஸ்திரி (1880–1943). தமிழில் துப்பறியும் நாவல்களைக் குவித்தவர் ஆரணி குப்புசாமி முதலியார். இன்னொரு பக்கம், பண்ணையில் ஏர் ஓட்டியவரும் குப்பன்தான்.

கவனித்தீர்களா? முன்பாதி ஒன்றே. குழந்தையைக் காலராவும் அம்மையும் கொண்டுபோகும்போது அக்கிரகாரம், சேரி என்று பார்ப்பதில்லை. அந்தப் பயம் எல்லாருக்கும் பொது. பின்பாதியில்தான் வித்தியாசம் வருகிறது. ஐயர், சாஸ்திரி, முதலியார், சாமி. 'சாமி' என்று முடிகிற பேரை வைத்துக்கொள்ள எல்லாரையும் விட்டுவிடவில்லை. பேரில் மரியாதை ஒட்டியிருந்தால் கூப்பிடும்போது மரியாதை கொடுக்க வேண்டிவருமே! அதனால் 'ன்' விகுதியோடு நிற்க வேண்டும். சாவை ஏமாற்ற வைத்த பேரு, காலப்போக்கில் சிலருக்கு மட்டும் இழிவாக ஒட்டிக்கொண்டது இப்படித்தான். 'குப்பனும் சுப்பனும்' என்றால் கணக்கில் வராத ஆட்கள் என்று இன்றும் எழுதுகிறோம், பேசுகிறோம். அப்படிச் சொல்லும்போது ஒரு தாய் பிள்ளையைக் காப்பாற்ற வைத்த பேரைத்தான் கேலி செய்கிறோம் என்று யாரும் நினைப்பதில்லை.

உலகத்துக்கே தெரிந்த 'பிச்சை' இன்று கூகுள் நிறுவனத்தின் தலைமையில் இருக்கிறார். வெளிநாட்டுக்காரர்கள் 'பிச்சாய்' என்று நீட்டிச் சொல்கிறார்கள், யாரும் சிரிப்பதில்லை. ஒரு பேருக்கு மரியாதை பெரும்பாலும் அர்த்தத்திலிருந்து வருவதில்லை, அதைத் தாங்குகிறவர் நிற்கிற இடத்திலிருந்துதான் வருகிறது.

இதோடு இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். திருத்தணிப் பக்கத்துக் கிராமங்களில் பெண்களுக்கு 'வேண்டா' என்று பேர் வைக்கும் வழக்கம் இருக்கிறது. அந்தப் பேருள்ள ஒரு மாணவிக்கு 2019இல் ஜப்பான் நிறுவனத்தில் வேலை கிடைத்தபோது பத்திரிகைகள் எழுதின. மற்ற ஊர்களில் போதும்பொண்ணு. மேலோட்டமாகப் பார்த்தால் இதுவும் குப்புசாமி மாதிரிதான் தெரியும். இல்லை. குப்புசாமியிடம் 'வேண்டாம்' என்று சொன்னது பொய், அவன் வேண்டும் என்பதற்காகச் சொன்ன பொய். வேண்டாவிடம் சொன்னது நிஜம். அடுத்ததாவது ஆணாகப் பிறக்கட்டும் என்று, பிறந்தவளிடமே சொன்னது. இரண்டையும் ஒரே தட்டில் வைத்து 'அந்தக் காலத்துப் பேர்கள்' என்று ரசிப்பது எனக்கு உடன்பாடில்லை.

குப்புசாமி கூப்பூசாமியான கதை

எங்க குப்புசாமிக்கு இரண்டு மகன்கள், ஒரு மகள். மூத்தவர் என் தாத்தா, கழனியோடு செலியமேட்டிலேயே இருந்துவிட்டார். இளையவர் பிரெஞ்சுப் பட்டாளத்தில் சேர்ந்து சைகோன் வரை போனார். எங்க பக்கத்தில் அப்படிப்பட்டவர்களை 'சொல்தா' என்போம். 1954 நவம்பர் 1 அன்று புதுச்சேரி நடைமுறையில் இந்தியாவோடு சேர்ந்தது. சட்டப்படியான ஒப்பந்தம் 1962 ஆகஸ்ட் 16இல் நடைமுறைக்கு வந்தது. விரும்பியவர்கள் பிரெஞ்சுக் குடியுரிமையைத் தேர்ந்தெடுத்துக்கொள்ள ஆறு மாத அவகாசம் இருந்தது. சொல்தா தாத்தா பிரான்சைத் தேர்ந்தெடுத்தார்.

பிரெஞ்சுக்காரர்களின் தாளில் பேருக்கு இரண்டு கட்டம் இருக்கும். ஒன்று ஆளுடைய பேர், இன்னொன்று குடும்பப் பேர். நமக்குக் குடும்பப் பேர் என்ற பழக்கமே கிடையாது. 1881 செப்டம்பர் 21ஆம் தேதி ஆணைப்படி, தங்கள் சமூக வழக்கச் சட்டத்தைத் துறந்து பிரெஞ்சுச் சட்டத்துக்குள் வந்தவர்கள் புதிதாக ஒரு குடும்பப் பேரைப் பதிய வேண்டியிருந்தது. நீதிமன்றத்துக்குக் காலணி போட்டுப் போனதற்காக 1873இல் வழக்காடிய வக்கீல் பொன்னுத்தம்பிப் பிள்ளை, 'லாபோர்த்' ஆனது அந்த வழியில்தான். சொல்தா தாத்தா அப்படி எதையும் தேடவில்லை. அப்பா பேரு என்ன என்று கேட்டார்கள், குப்புசாமி என்றார், அது குடும்பப் பேர்க் கட்டத்தில் ஏறிவிட்டது.

பிரெஞ்சில் 'யூ' எழுத்தை மட்டும் போட்டால் நம்ம 'உ' ஒலி வராது, அதனால் 'ஓ'வும் 'யூ'வும் சேர்த்துப் போடுவார்கள். அரியாங்குப்பத்தை அவர்கள் எழுதியதும் அப்படித்தான். நடுவில் ஒரு 'எஸ்' மட்டும் இருந்தால் 'ஸ' மழுங்கி 'இசட்' ஒலியாகிவிடும், அதனால் இரண்டு 'எஸ்'. நம்ம குப்புசாமியின் ஒலி கெடாமல் இருக்கத்தான் அத்தனை எழுத்துகள். ஒப்பந்தக் கூலிகளாகக் கப்பலேறியவர்களுக்கும் இதேதான் நடந்தது. மொரீசியசில் 'கூப்பூசாமி' இன்று குடும்பப் பேர். 1860இல் சென்னையிலிருந்து முதல் கப்பல் போய்ச் சேர்ந்த தென்னாப்பிரிக்காவில் 'கூப்பூ' என்றே குடும்பங்கள் உண்டு.

இதில் ஒரு விசித்திரம் இருக்கிறது. ஒரே ஒரு குழந்தையை, அதுவும் பிறந்த சில வாரங்களுக்கு, காப்பாற்ற வைத்த பேரு அது. கடல் தாண்டிப் போனதும் குடும்பப் பேராகி, தலைமுறை தலைமுறையாகத் தொடர்கிறது. ஆனால் அது பிறந்த செலியமேட்டில்? நம்ம வழக்கத்தில் அப்பா பேர் முதலெழுத்தாக ஒரு தலைமுறைக்குத்தான் வரும். என் தாத்தா 'கு.' போட்டுக் கையெழுத்து வைத்தார். அவரோடு அது முடிந்தது.

முறைப்படி பார்த்தால் பெயரன் என்ற கணக்கில் என் அப்பாவுக்குக் குப்புசாமி என்றுதான் வைத்திருக்க வேண்டும். ஆனால் அது 1950கள். பாரதிதாசன், வாணிதாசன் பாட்டெல்லாம் காதில் விழுந்துகொண்டிருந்த காலம். பிள்ளைக்கு நல்ல தமிழ்ப் பேராக வைக்க வேண்டும் என்று இளங்கோவன் என்று வைத்துவிட்டார் தாத்தா. கொள்ளுத்தாத்தா கோபப்பட்டாரா என்று அத்தைப்பாட்டியிடம் கேட்டேன். "இல்ல. 'புள்ள ஆஸ்பத்திரியில பொறந்திருக்கான், இனிமே பயமில்ல, நல்ல பேராவே வெய்யி'ன்னாரு" என்றார்.

அந்தக் கிழவர் சரியாகத்தான் சொல்லியிருக்கிறார். குப்புசாமி என்ற பேரை ஒழித்தது நாகரிகம் என்று நினைக்கிறோம். நான் அதைவிடத் தடுப்பூசியைத்தான் சொல்வேன். 1977இல் இந்தியா பெரியம்மை இல்லாத நாடானது. பச்சிளம் குழந்தைகளைக் கொண்டுபோன அந்த ஜன்னியை 2015இல் ஒழித்துவிட்டதாக உலக சுகாதார நிறுவனம் உறுதிசெய்தது. 2020இல் நாட்டின் சிசு மரணம் ஆயிரத்துக்கு 28. புதுச்சேரியில் ஒற்றை இலக்கம். இப்போது எங்க தெருவில் பிறக்கிற பிள்ளைகளுக்கு எண் கணிதம் பார்த்து, வாயில் நுழையாத எழுத்தில் தொடங்குகிற பேர்களை வைக்கிறார்கள். எனக்கும் கேட்டால் சிரிப்பு வரும். ஆனால் யோசித்தால், குழந்தைக்கு எவ்வளவு அழகான பேர் வேண்டுமானாலும் வைக்கலாம், யாருக்கும் பயப்பட வேண்டாம் என்ற நிலைமை வந்ததே இந்த இரண்டு மூன்று தலைமுறைகளில்தான்.

பையனுக்குச் சொன்னது

இதையெல்லாம் சுருக்கி, நான்கு நிமிடக் குரல் செய்தியாக சார்செலுக்கு அனுப்பினேன். "ஆமா, குப்பைதான். உன் எள்ளுத்தாத்தாவைக் குப்பைமேட்டுல போட்டு எடுத்தாங்க. அவர் பொழைக்கணும்னு அவங்கம்மா சொன்ன பொய் அது. அந்தப் பொய் பலிச்சதாலதான் நீயும் நானும் இருக்கோம். கிளாஸ்ல அந்தப் பையன் மறுபடி கேட்டா இதைச் சொல்லு" என்று முடித்தேன். நன்றாகத்தான் சொல்லிவிட்டோம் என்று கொஞ்சம் திருப்தியாகவும் இருந்தது.

மறுநாள் பதில் வந்தது. நான் எதிர்பார்த்த எதையும் அவன் கேட்கவில்லை.

"பெரியப்பா, அவருக்கு முன்னாடி ரெண்டு பாப்பா செத்துப்போச்சுன்னு சொன்னீங்கல்ல? அவங்க பேரு என்ன?"

எனக்கு அது தோன்றவே இல்லை. இத்தனை நாள் பேர்களைத் துருவிக்கொண்டிருந்தவன், அந்த இரண்டு பேரைக் கேட்கவில்லை. சாயந்திரம் அத்தைப்பாட்டி வீட்டுக்குப் போய், காதருகே குனிந்து கேட்டேன்.

"பேரா?" என்று கொஞ்ச நேரம் கொல்லைப் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தார். "எங்கப்பாருக்கே தெரியாதே. நல்ல பேராத்தான் வெச்சிருப்பாங்க. அதான் கண்ணுல பட்டுருச்சு."